துப்ரோவ்னிக் 1996: ரான் பிரவுன் போன விமானம் – கேள்வி பதில்

1996 ஏப்ரல் 3 அன்று அமெரிக்க விமானப்படையின் சிடி-43ஏ விமானம் ஒன்று, குரோஷியாவின் துப்ரோவ்னிக் நகரில் இறங்க வரும்போது மலையில் மோதியது. அமெரிக்க வணிகத் துறை அமைச்சர் ரான் பிரவுன் உட்பட அதில் இருந்த 35 பேரும் இறந்தார்கள். கருவிகளைப் பார்த்து விமானம் இறக்குவது எப்படி என்று பாடம் நடத்துகிறவன் நான். இந்த விபத்தைத் தொடாமல் என் வகுப்பு முடிவதில்லை. அதனால் கேள்விகளை என் பக்கம் தள்ளிவிட்டிருக்கிறார்கள். ஒரே மாதிரி வந்தவற்றை ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன்.

சுரேஷ்: போர் நடந்த ஊரில் வணிக அமைச்சருக்கு என்ன வேலை சார்?

போர் முடிந்துவிட்டது என்பதால்தான் போனார். 1995 கடைசியில் போஸ்னியப் போரை முடித்துவைத்த டேட்டன் உடன்படிக்கை ஆயிற்று. சாலை, மின்சாரம், தொலைபேசி என்று எல்லாவற்றையும் மறுபடி கட்ட வேண்டிய நிலை. அந்த வேலைகளில் அமெரிக்க நிறுவனங்களும் இறங்கட்டும் என்று, நிறுவனத் தலைவர்கள் ஒரு டஜன் பேரைக் கூட்டிக்கொண்டு கிளம்பினார். நியூயார்க் டைம்ஸ் நிருபர் ஒருவரும் உடன் இருந்தார்.

அன்று காலை ஜாக்ரெபிலிருந்து போஸ்னியாவின் துஸ்லாவுக்குப் போனார்கள். அங்கே விமானத்தை நிறுத்திவைக்க இடம் இல்லை. அதனால் அமைச்சரை இறக்கிவிட்டு குரோஷியாவின் ஸ்பிளிட் நகருக்குப் போய் நின்று, மதியம் திரும்ப வந்து எல்லாரையும் ஏற்றிக்கொண்டு துப்ரோவ்னிக் கிளம்பியது.

ஃபாத்திமா: ராணுவப் போக்குவரத்து விமானம் என்றால் சரக்கு ஏற்றும் பெரிய விமானமா?

இல்லை. அடிப்படையில் அது போயிங் 737-200. வழிகாட்டி அலுவலர்களுக்கு, அதாவது நேவிகேட்டர்களுக்குப் பயிற்சி கொடுக்க 1970-களில் விமானப்படை வாங்கிய வகை. அதில் ஒன்றைப் பயணிகளுக்காக மாற்றி, ஜெர்மனியின் ராம்ஸ்டைன் தளத்தில் வைத்திருந்தார்கள்.

அதில் கறுப்புப் பெட்டி கிடையாது. குரல் பதிவும் இல்லை, பறப்புத் தரவுப் பதிவும் இல்லை. அதே 737 ஒரு விமான நிறுவனத்திடம் இருந்திருந்தால் அவை இல்லாமல் ஒரு பயணியைக்கூட ஏற்ற விட்டிருக்க மாட்டார்கள். அமைச்சர் போகலாமாம்! எனக்கு இன்றைக்கும் செரிக்காத விஷயம் இது.

கார்த்திக்: இரண்டு ஏடிஎஃப் இருக்க வேண்டிய இடத்தில் ஒன்றுதான் இருந்தது என்று படித்தேன். ஏடிஎஃப் என்றால் என்ன, ஒன்று இருந்தால் போதாதா?

இதற்குக் கொஞ்சம் நிதானமாகப் பதில் சொல்ல வேண்டும்.

துப்ரோவ்னிக்கின் சிலிப்பி விமான நிலையத்தில் முன்பு ஐஎல்எஸ் இருந்தது. ரன்வேயின் நேர்க்கோட்டையும் இறங்கும் சரிவையும் இரண்டையுமே காட்டும் கருவி அது. 1991-92 போரில் அந்தச் சாதனங்கள் பறிபோயின. மிஞ்சியது என்டிபி மட்டும். அது வெறும் ரேடியோ கம்பம். எல்லாத் திசையிலும் ஒரே மாதிரி சிக்னல் விடும். விமானத்தில் இருக்கும் ஏடிஎஃப் ஊசி அந்தக் கம்பம் எந்தப் பக்கம் என்று காட்டும், அவ்வளவுதான். உயரத்தைப் பற்றி ஒன்றும் சொல்லாது.

அப்ரோச் என்றால் ரன்வேயை நோக்கி இறங்கி வர வகுத்துவைத்த வழி. அன்று பயன்பட்ட அப்ரோச்சில் இரண்டு கம்பங்கள். முதலாவது கொலோசெப் தீவில். அதைத் தாண்டியதும், அதை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு 119 பாகைத் திசையில் இறங்கி வர வேண்டும். இரண்டாவது ரன்வேக்குச் சற்று முன்னால், சவ்தாத்தில். அதன் மேல் வரும்போதும் ரன்வே கண்ணில் படவில்லை என்றால், உடனே மேலே ஏறித் திரும்பிவிட வேண்டும். ஆக, ஒரு ஊசி முதல் கம்பத்தைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும், இன்னொன்று இரண்டாவது கம்பம் வந்ததைச் சொல்ல வேண்டும். ஒரே ஒரு ஏடிஎஃப் வைத்திருப்பவர் இரண்டில் ஒன்றைத்தான் பார்க்க முடியும். எங்கே திரும்புவது என்று தெரியாமல் போகும்.

அப்படித்தான் போனது. சவ்தாத்தைத் தாண்டிய பிறகும் விமானம் ஏறவில்லை. அந்த இடத்திலேயே மேலே ஏறியிருந்தால் மோதலே நடந்திருக்காது என்பது விமானப்படை விசாரணையின் முடிவு.

மீனாட்சி: ஒரு பக்கம் விலகிப் போனது என்கிறார்களே, எவ்வளவு?

119 பாகையில் வர வேண்டியது 110-இல் வந்தது. ஒன்பது பாகை இடது பக்கம். பைலட்டுகள் மனக்கணக்காகப் போடும் விதி ஒன்று உண்டு: ஒரு பாகை விலகினால் 60 மைலில் ஒரு மைல் தள்ளிப் போவோம். இரண்டு கம்பங்களுக்கும் இடையே ஏறக்குறைய 12 கடல் மைல். ஒன்பதை 12-ஆல் பெருக்கி 60-ஆல் வகுத்தால் 1.8. விமானம் கிடந்த இடம் ரன்வே கோட்டிலிருந்து சுமார் 1.7 மைல் இடது பக்கம். கணக்கு அப்படியே உட்காருகிறது பாருங்கள். கடைசி நொடியில் எங்கோ திரும்பிவிடவில்லை. முதல் கம்பத்திலிருந்தே நேராக, நிதானமாக, தப்பான கோட்டில் வந்திருக்கிறது.

ஏன் ஒன்பது பாகை? விசாரணைக் குழுவாலேயே அதற்கு விடை காண முடியவில்லை. பதிவுக் கருவிகள் இருந்திருந்தால் தெரிந்திருக்கும்.

ஜெயராஜ்: விலகினாலும் மலையைத் தாண்டும் உயரம் இருக்க வேண்டாமா? அதற்குத்தானே குறைந்தபட்ச உயரம் போடுகிறார்கள்?

சரியான இடத்தைப் பிடித்துவிட்டீர்கள். சார்ட்டில், அதாவது அப்ரோச்சை வரைந்து காட்டும் தாளில், போட்டிருந்த குறைந்தபட்ச உயரம் 2,150 அடி. மோதிய மலை சுமார் 2,300 அடி. விமானம் கிட்டத்தட்ட சார்ட் அனுமதித்த உயரத்தில்தான் இருந்தது.

என்டிபி துல்லியம் குறைந்த கருவி. கம்பத்தை விட்டு விலக விலகப் பிழை கூடும். அதனால் பாதுகாப்புப் பகுதியை விசிறி மாதிரி அகலமாக்கிக்கொண்டே போய், அதற்குள் வரும் எல்லா மலைகளையும் கணக்கில் எடுக்க வேண்டும். இந்த அப்ரோச்சை வடிவமைத்தவர்கள் அதைச் சரியாகச் செய்யவில்லை. முறையாகக் கணக்கிட்டால் 2,822 அடி வருகிறது என்று விசாரணை சொன்னது. 672 அடி வித்தியாசம். அந்த உயரம் சார்ட்டில் இருந்திருந்தால், ஒன்பது பாகை விலகிய விமானமும் மலைக்கு மேலேயே போயிருக்கும்.

பாலா: புயல் என்று அப்போது பத்திரிகைகளில் வந்ததே?

மழையும் தாழ்ந்த மேகமும் இருந்தன, மலை தெரியவில்லை. ஆனால் அன்று அதற்கு முன் ஐந்து விமானங்கள் அங்கே இறங்கியிருந்தன. விசாரணையும் வானிலையைப் பெரிய காரணமாக எடுக்கவில்லை.

தேவி: பைலட்டுகள் மேல் பழி போடுவது எளிது. அமைச்சர் அவசரப்படுத்தியிருக்க மாட்டாரா?

அமைச்சர் நெருக்கினார் என்பதற்குச் சான்று ஏதும் இல்லை. நெருக்குவதற்கு அவர் வாய் திறக்கவே வேண்டியதில்லை என்பது வேறு விஷயம். பயணத் திட்டம் பலமுறை மாறியது. துஸ்லாவிலிருந்து வரும் வழியைத் திட்டமிட்டதிலேயே ஒரு பிழை, அதனால் கால் மணி நேரம் போச்சு. குரோஷியப் பிரதமரையும் அமெரிக்கத் தூதரையும் ஏற்றிவந்த விமானம் ஒரு மணி நேரம் முன்பே இறங்கிவிட்டது. கீழே பிரதமர் காத்திருக்கிறார் என்பது காக்பிட்டில் இருப்பவர்களுக்குத் தெரியும். அந்த விமானத்தின் பைலட் ரேடியோவில் இவர்களோடு பேசியும் இருக்கிறார். முடியாவிட்டால் ஸ்பிளிட் போங்கள் என்பதும் அந்தப் பேச்சில் இருந்தது.

இவர்கள் முதல் கம்பத்தைத் தாண்டியபோது வேகம் இருக்க வேண்டியதைவிட சுமார் 80 நாட் (மணிக்கு 80 கடல் மைல்) அதிகம். விமானம் இறங்கும் நிலைக்கு இன்னும் தயாராகவில்லை. கம்பத்தைத் தாண்டி இறங்க டவரின் அனுமதியும் வாங்கவில்லை. வேகத்தைக் குறைப்பது, சக்கரம், ஃபிளாப், சரிபார்ப்புப் பட்டியல் எல்லாம் சேர்ந்து வரும்போது ஊசியைப் பார்க்கும் கண் எங்கே இருக்கும்? விமானிகளின் தவறும் உண்டு. ஆனால் அவர்கள் கைக்கு அந்த சார்ட் எப்படி வந்தது என்பதுதான் எனக்குப் பெரிய கேள்வி.

கார்த்திக்: அதைச் சொல்லுங்கள் சார். எப்படி வந்தது?

வெளிநாட்டு அரசுகள் வெளியிடும் அப்ரோச்களை ஜெப்பசன் நிறுவனம் தன் வடிவில் அச்சிட்டுத் தரும். அவற்றின் கணக்கை அது மறுபடி போட்டுப் பார்ப்பதில்லை. அதனால் அமெரிக்க விமானப்படையில் ஒரு விதி இருந்தது: பாதுகாப்புத் துறை தானே வெளியிடாத அப்ரோச்சை, அதன் நிபுணர்கள் சரிபார்த்த பிறகே மோசமான வானிலையில் பயன்படுத்தலாம். ஐரோப்பாவில் இருந்த படைப்பிரிவு இதற்கு விலக்கு கேட்டது. 1996 ஜனவரியில் மேலிடம் மறுத்துவிட்டது. அப்புறமும் பிரிவில் பழைய வழக்கம் நிற்கவில்லை. சரிபார்க்காத சார்ட்டுகளோடு விமானங்கள் பறந்துகொண்டே இருந்தன. யாராவது ஒரு நிபுணர் அரை நாள் உட்கார்ந்திருந்தால் 2,150 தப்பு என்று தெரிந்திருக்கும்.

1996 ஜூனில் வந்த அறிக்கை மூன்று காரணங்களைச் சொன்னது: தலைமையின் தவறு, விமானிகளின் தவறு, அப்ரோச் வடிவமைப்பின் தவறு. முதல் இடத்தில் தலைமையை வைத்ததற்காக அந்தக் குழுவை நான் மதிக்கிறேன். தளபதிகள் பதவி இழந்தார்கள்.

விக்னேஷ்: ரான் பிரவுன் தலையில் குண்டுக் காயம் இருந்ததாமே?

அந்தக் கதை 1997-இல் பெரிதாகக் கிளம்பியது. காயத்தைப் பார்த்த ராணுவ மருத்துவர்களில் சிலர், பிரேதப் பரிசோதனை செய்திருக்க வேண்டும் என்றார்கள். செய்திருக்கலாம் என்றுதான் எனக்கும் தோன்றுகிறது, ஒரு வதந்தி கிளம்பாமலே போயிருக்கும். மற்றபடி ஒன்பது பாகையையும் 672 அடியையும் எந்தத் துப்பாக்கியும் விளக்காது.

செல்வி: உடனே போயிருந்தால் யாரையாவது காப்பாற்றியிருக்கலாமா?

மோதியது பிற்பகல் 2:57. முதல் ஆட்கள் இடத்தை அடைய நாலு மணி நேரத்துக்கு மேல் ஆயிற்று. தேடல் முதலில் கடல் பக்கமே போனது. விமானம் கிடந்ததோ ரன்வே முனையிலிருந்து இரண்டு மைலுக்குள். வால் பகுதியில் பணிப்பெண் ஒருவர் உயிரோடு கிடைத்தார். மருத்துவமனை போகும் வழியில் இறந்தார். முன்பே எட்டியிருந்தால் பிழைத்திருப்பாரா என்று நான் சொல்லத் துணிய மாட்டேன்.

ரஹீம்: இத்தனை முக்கியமானவர்களை ஒரே விமானத்தில் ஏற்றுவதைத் தடுக்க விதி இல்லையா ஐயா?

எழுதப்படும், தளரும். 1940 ஆகஸ்ட் 13 அன்று கான்பெராவில் ஆஸ்திரேலிய விமானப்படையின் ஹட்சன் விழுந்தபோது ஃபேர்பேர்ன், ஸ்ட்ரீட், கல்லெட் என்ற மூன்று அமைச்சர்களும் ராணுவத் தலைமைத் தளபதியும் ஒரே நேரத்தில் போனார்கள். 2014 மே மாதம் லாவோஸில் விமானப்படையின் ஆன்டனோவ் விழுந்து, பாதுகாப்பு அமைச்சரும் பொதுப் பாதுகாப்பு அமைச்சரும் தலைநகர ஆளுநரும் இறந்தார்கள். 2010 ஏப்ரல் 10, ரஷ்யாவின் ஸ்மோலென்ஸ்க் உங்களுக்கு நினைவிருக்கும்: போலந்து விமானப்படையின் டியூ-154 விழுந்து, அதிபர் கச்சின்ஸ்கி உட்பட 96 பேர் இறந்தார்கள். அதுவும் மூடுபனியில் என்டிபி அப்ரோச்தான். அதில் தரை எச்சரிக்கைக் கருவி இருந்தது, 'மேலே ஏறு' என்று கத்தியது, கேட்கப்படவில்லை.

அருண்: பைலட் பயிற்சியில் இருக்கிறேன். ஒரே ஏடிஎஃப் இருந்தால் என்டிபி அப்ரோச்சே செய்யக் கூடாதா?

செய்யலாம் தம்பி, ஒரே கம்பத்தை வைத்து வடிவமைத்தது என்றால். சில அப்ரோச்களில் திரும்பும் இடத்தைக் கம்பத்திலிருந்து எத்தனை நிமிடம், எத்தனை நொடி என்று அட்டவணை போட்டிருப்பார்கள், அப்போது ஸ்டாப்வாட்ச் போதும். துப்ரோவ்னிக் சார்ட்டில் அந்த அட்டவணை இல்லை. கிளம்புவதற்கு முன்னாலேயே சார்ட்டில் திரும்பும் புள்ளியைத் தேடு. அதை எந்தக் கருவி காட்டப்போகிறது என்று விரல் வைத்துச் சொல்ல முடியாவிட்டால், அந்த அப்ரோச் உன் விமானத்துக்கு ஆகாது. மாற்று விமான நிலையத்துக்கு எரிபொருள் போட்டுக்கொள்.