கே.பி.ஏ.சி. லலிதா கதாநாயகியாக இல்லாமலேயே மலையாள சினிமாவில் 50 ஆண்டுகள் எப்படி நிலைத்தார்? அவர் படங்களை எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

முதல் காரணம் குரல். இரண்டாவது, தனக்கு வசனம் இல்லாத நேரத்திலும் காட்சிக்குள்ளேயே இருக்கும் கவனம். இரண்டுமே நாடக மேடையில் கற்றுக்கொண்டவை. மற்றதெல்லாம் இவற்றுக்குப் பிறகுதான்.

தமிழில் பலருக்கு அவரை 'அலைபாயுதே' படத்தில் மாதவனின் அம்மாவாகத் தெரியும். பிறகு 'காற்று வெளியிடை'யில் பார்த்திருப்பார்கள். 'தேவர் மகன்' இயக்குநர் பரதனின் மனைவி என்றும் சிலர் அறிந்திருப்பார்கள். இவற்றை வைத்து அவரை அளக்கவே முடியாது. 550க்கும் மேற்பட்ட படங்கள், சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருது 2 முறை ('அமரம்', 'சாந்தம்'), கேரள அரசின் இரண்டாவது சிறந்த நடிகை விருது 4 முறை. அந்த மாநில விருதுகளின் ஆண்டுகள் 1975, 1978, 1990, 1991. முதல் விருதுக்கும் கடைசி விருதுக்கும் நடுவே மலையாள சினிமாவின் முகமே மாறிவிட்டது. அவர் மட்டும் இடம் இழக்கவில்லை.

பிறந்த பெயர் மகேஸ்வரி. காயங்குளத்துக்காரர். சிறு வயதில் நடனம் கற்று, கீதா நாடகக் குழுவில் நடித்து, பிறகு கே.பி.ஏ.சி.க்கு வந்தார். கேரளா பீப்பிள்ஸ் ஆர்ட்ஸ் கிளப் என்பதன் சுருக்கம் அது. 1950இல் தொடங்கிய இடதுசாரி நாடகக் குழு. அதன் முதன்மை நாடகாசிரியரான தோப்பில் பாசிதான் லலிதா என்று பெயர் வைத்தார். திருவிதாங்கூர் சகோதரிகளில் ஒருவரான லலிதா ஏற்கெனவே புகழ்பெற்ற நடிகை என்பதால், சினிமாவுக்கு வந்தபோது குழுவின் பெயரும் முன்னால் ஒட்டிக்கொண்டது. முதல் படம் 1969இல் வந்த 'கூட்டுக்குடும்பம்'. அதுவும் தோப்பில் பாசியின் நாடகத்திலிருந்து வந்ததே. இயக்கியவர் கே.எஸ். சேதுமாதவன்.

நாடகம் அவருக்கு என்ன கொடுத்தது என்று சொல்ல வேண்டும். மலையாளத்திலும் தமிழைப் போலவே வினைச்சொல் வாக்கியத்தின் கடைசியில் வரும். 'இல்லை', 'வேண்டாம்', 'வந்தாயா' எல்லாம் கடைசியில்தான். பழகாத நடிகர் வாக்கியத்தை உரக்கத் தொடங்கி, மூச்சு தீர்ந்து, கடைசிச் சொல்லை விழுங்கிவிடுவார். திறந்தவெளி மேடையில் அப்படிப் பேசினால் பின்வரிசையில் இருப்பவருக்கு அவர் ஒப்புக்கொண்டாரா மறுத்தாரா என்றே புரியாது. அதனால் மேடை நடிகர்கள் மூச்சைப் பங்கிட்டு, கடைசி அசைவரை தெளிவாகக் கொண்டுபோகப் பழகுவார்கள். லலிதாவின் எந்தப் படத்தை எடுத்தாலும் இதைக் கேட்கலாம். அழுதுகொண்டு பேசும்போதும், வேறு வேலை பார்த்தபடி முணுமுணுக்கும்போதும் கடைசிச் சொல் சிதையாது. கேமராவுக்கு வந்ததும் மேடையின் கைவீச்சை விட்டுவிட்டார். மூச்சை மட்டும் வைத்துக்கொண்டார். நாடகத்திலிருந்து வந்த பலர் தடுமாறுவது இந்த இடத்தில்தான். கையையும் குரலையும் சேர்த்தே கொண்டுவருவார்கள், அண்மைக் காட்சியில் அது தாங்காது.

அவர் காலத்து மலையாளப் படங்களில் பெரும்பாலும் வசனம் படப்பிடிப்புக்குப் பிறகு டப்பிங் அரங்கில்தான் பதிவாகும். பல கதாநாயகிகளுக்கு வேறொருவர் குரல் கொடுப்பார். 'சந்திரமுகி'யின் மூலமான 'மணிச்சித்திரத்தாழ்' படத்தில் ஷோபனாவுக்குப் பாக்கியலட்சுமியும் துர்காவும் பேசினார்கள். நடிப்பு ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது. அந்த ஏற்பாட்டில் எவ்வளவு திறமையாக நடித்தாலும் பார்வையாளர் காதில் பதிவது வேறு ஒருவர். லலிதாவுக்கு இந்தப் பிரிவு இல்லை. முகமும் குரலும் ஒன்றாகவே போய்ச் சேர்ந்தன. அதே படத்தில் இன்னசென்டின் மனைவி பாசுரையாக அவர் பேசுவதைக் கேளுங்கள். பேய்க்குப் பயந்து நடுங்கும் கணவனிடம் அவர் காட்டும் சலிப்பில் நகைச்சுவைக்கான முயற்சியே தெரியாது. அதனால்தான் சிரிப்பு வருகிறது.

அந்தக் குரலுக்குப் பெரிய சோதனை 1990இல் வந்த 'மதிலுகள்'. வைக்கம் முகமது பஷீரின் குறுநாவலை அடூர் கோபாலகிருஷ்ணன் படமாக்கினார். சிறைக் கைதியாக மம்மூட்டி. மதிலுக்கு அந்தப்பக்கம் பெண்கள் சிறையில் நாராயணி. அவள் கடைசிவரை திரையில் வருவதில்லை. மதிலுக்கு மேலே தெரியும்படி அவள் எறியும் சுள்ளியும் அவள் குரலும் மட்டுமே நமக்குக் கிடைக்கும். அந்தக் குரல் லலிதாவுடையது. இதில் ஓர் ஆபத்து இருந்தது. கேரளத்தில் அந்தக் குரலைக் கேட்டதும் அவர் முகம் நினைவுக்கு வராதவர் குறைவு. முகம் வந்துவிட்டால் நாராயணி என்ற மர்மம் கலைந்துவிடும். இந்தக் குறையை இன்றும் சொல்பவர்கள் இருக்கிறார்கள், அதில் நியாயமும் உண்டு. ஆனால் கேட்கும்போது நடப்பது வேறு. கொஞ்சல், பொறாமை, ஏக்கம் மூன்றையும் அவர் ஒரே வாக்கியத்துக்குள் மாற்றி மாற்றிக் கொண்டுவருகிறார். சில நிமிடங்களில் நாராயணிக்கென்று தனி முகம் உருவாகிவிடுகிறது. முகமே காட்டாமல் ஒரு படத்தின் நாயகியாக நின்ற அந்த வேடம்தான் அவர் செய்ததிலேயே கடினமானது என்பது என் கருத்து.

அதே அடூரின் 'கொடியேற்றம்' இதற்கு நேர்மாறு. 1978இல் திரைக்கு வந்த அந்தப் படத்தில் பின்னணி இசையே கிடையாது. திருவிழா திருவிழாவாகச் சுற்றும் சங்கரன்குட்டியாகக் கோபி. அவன் கட்டிக்கொண்டு வந்து, வீட்டில் தனியே விட்டுவிட்டுப் போகும் மனைவி சாந்தம்மாவாக லலிதா. கோபிக்கு அந்தப் படத்துக்காகத் தேசிய விருது கிடைத்தது, தகுதியான விருதுதான். ஆனால் கோபியின் வெகுளித்தனம் நமக்குச் சிரிப்பாகவும் எரிச்சலாகவும் மாறி மாறித் தெரிவது லலிதாவின் முகத்தை வைத்துத்தான். அவர் பொறுத்துக்கொள்ளும்போது நாம் சிரிக்கிறோம், அவருக்குப் பொறுமை தீரும்போது நமக்கும் தீர்கிறது. சோகம் என்று எடுத்துச் சொல்ல இசை இல்லாத படத்தில் இதைச் செய்ய, எதிரில் இருப்பவர் பேசுவதை உண்மையாகவே காதில் வாங்க வேண்டும். தன் முறை வரட்டும் என்று காத்திருக்கும் நடிகரால் முடியாது.

'அமரம்' 1991இல் வந்தது. பரதன் இயக்கம், லோகிததாஸ் எழுத்து. ஆலப்புழைப் பக்கத்துக் கடற்கரை. மம்மூட்டி மீனவர் அச்சூட்டி, முரளி அவர் நண்பர் கொச்சுராமன், முரளியின் மனைவி பார்கவியாக லலிதா. இவர்கள் மகனும் அச்சூட்டியின் மகளும் காதலிப்பதில் இரண்டு குடும்பங்களின் உறவும் புரண்டுபோகிறது. கரைப்பேச்சின் வேகமும் கூர்மையும் பார்கவியிடம் அப்படியே இருக்கின்றன. காயங்குளம் அந்தக் கடற்கரைக்கு வெகுதூரம் இல்லை, அந்த ஊர்ப் பேச்சு அவர் காதில் ஏற்கெனவே விழுந்ததுதான். இந்தப் படத்துக்கு 1990ஆம் ஆண்டுக்கான தேசிய விருதும் மாநில விருதும் அவருக்குக் கிடைத்தன.

அடுத்த மாநில விருது எந்தப் படங்களுக்குத் தெரியுமா? 'கடிஞ்ஞூல் கல்யாணம்', 'காட்ஃபாதர்', 'சந்தேசம்'. கலைப்படம் ஒன்றுகூட இல்லை. 'காட்ஃபாதர்' ஒரு திரையரங்கில் ஓராண்டுக்கு மேல் ஓடிய சிரிப்புப் படம். பெண் வாசனையே கூடாது என்று மகன்களை வளர்க்கும் அஞ்ஞூரானுக்குத் தெரியாமல் ஒரு மகன் ரகசியமாகக் குடும்பம் நடத்துகிறான். மகன் இன்னசென்ட், மனைவி கொச்சம்மிணி லலிதா. இவர்கள் இருவரும் கணவன் மனைவியாக வந்த படங்கள் பல. இன்னசென்ட் இழுத்து இழுத்துப் பேசுவார், லலிதா வெட்டிப் பேசுவார். ஒருவர் முடிக்கும் முன் மற்றவர் தொடங்கிவிடுவார், ஆனால் இரண்டு வசனமும் தெளிவாகக் கேட்கும். டப்பிங் அரங்கில் இந்த நேரக்கணக்கைத் தப்பாமல் பிடிப்பது எளிதல்ல. அரை நொடி பிந்தினாலும் சிரிப்பு போய்விடும்.

குணச்சித்திர நடிகைகள் மாட்டிக்கொள்ளும் குழி ஒன்று உண்டு: அம்மா வேடம். கவியூர் பொன்னம்மா 1965இல் 'தொம்மன்றெ மக்கள்' படத்தில் தன்னைவிட வயதில் மூத்த நாயகர்களான சத்யனுக்கும் மதுவுக்கும் அம்மாவாக நடித்தார். அப்போது அவருக்கு வயது இருபதுதான். அதன்பின் அன்பே வடிவான அம்மா என்ற சட்டகத்திலிருந்து அவரை வெளியே வர விட்டவர்கள் மிகக் குறைவு. அருமையான நடிகைக்கு இது பெரிய அநியாயம். நாகர்கோவிலில் பிறந்து, தமிழில் 'ஓர் இரவு' படத்தில் தொடங்கிய சுகுமாரி வேறு வழியில் தப்பித்தார். நவநாகரிகச் சீமாட்டி முதல் அக்ரஹாரத்துப் பாட்டி வரை எதையும் ஏற்றார். லலிதா தப்பித்தது மூன்றாவது வழி. அம்மா வேடத்தை மறுக்கவில்லை, அந்த அம்மாவுக்கு எரிச்சல், சுயநலம், பொறாமை, பயம் எல்லாம் கொடுத்தார். 'ஸ்படிகம்' படத்தில் கண்டிப்பே உருவான கணக்கு வாத்தியார் திலகனுக்கும் ரவுடியாகிவிட்ட மகன் மோகன்லாலுக்கும் நடுவே நிற்கும் தாயைப் பாருங்கள். மகன்மேல் பாசம் இருக்கிறது, கணவன்மேல் பயமும் இருக்கிறது. சில இடங்களில் பயம் ஜெயிக்கிறது. அதை மறைக்க அவர் முயல்வதே இல்லை.

இந்தப் பயணம் நேர்க்கோட்டில் போகவில்லை. 1978இல் பரதனை மணந்தபின் நடிப்பைக் குறைத்து, 1983இல் அவர் இயக்கிய 'காற்றத்தெ கிளிக்கூடு' மூலம் திரும்பினார். 1998 ஜூலையில் பரதன் இறந்தார். சில மாத இடைவெளிக்குப் பிறகு சத்யன் அந்திக்காடின் 'வீண்டும் சில வீட்டுக்காரியங்ஙள்' அவரை மறுபடி கொண்டுவந்தது. அடுத்த ஆண்டே ஜெயராஜின் 'சாந்தம்', இரண்டாவது தேசிய விருது. பிற்காலத்தில் மலையாளப் படங்களில் வீடே சுருங்கியது. நண்பர்கள், அடுக்குமாடி, பயணம் என்று கதைகள் நகர்ந்தபோது அம்மாவும் பக்கத்து வீட்டு அக்காவும் திரைக்கதையிலிருந்து காணாமல் போனார்கள். நடிகைகளின் திறமை குறைந்ததால் வேடம் குறையவில்லை, எழுதுபவர்கள் எழுதாததால் குறைந்தது. அந்தக் காலத்தில் தொலைக்காட்சி கைகொடுத்தது. 'தட்டீம் முட்டீம்' தொடரின் மாமியார் மாயாவதியை அவர் படங்களைப் பார்த்திராத பிள்ளைகளும் அறிவார்கள்.

சங்கடமான பக்கத்தையும் சொல்லாமல் விட மாட்டேன். இளம் வயதில் செல்வாக்குள்ள ஒரு நடிகரால் தனக்கு நேர்ந்த தொல்லையைப் பின்னாளில் வெளிப்படையாகச் சொன்னவர் அவர். அவரே 2018இல் மலையாள நடிகர் சங்கத்தின் தரப்பில் செய்தியாளர்முன் உட்கார்ந்து, நடிகை ஒருவர் தாக்கப்பட்ட வழக்கில் சங்கத்தின் நிலைப்பாட்டை எதிர்த்து விலகிய நடிகைகளுக்கு எதிராகப் பேசினார். அவரை நேசித்த பலரை அது காயப்படுத்தியது, என்னையும்தான். மலையாள சினிமாவில் பெண்களின் நிலையை ஆராய 2017இல் அமைத்த ஹேமா குழுவின் அறிக்கை 2024 ஆகஸ்டில் வெளியானபோது அவர் உயிரோடு இல்லை. கடைசி நாள்களில் அவருடைய மருத்துவச் செலவைக் கேரள அரசு ஏற்க முடிவுசெய்ததும் சர்ச்சையானது. ஐந்நூறு படம் நடித்தவருக்கு எதற்கு என்று கேட்டார்கள். குணச்சித்திர நடிகைக்கு எண்ணிக்கையில் படம் வரும், நாயகனுக்கு வரும் சம்பளம் வராது. கேட்டவர்கள் இந்தக் கணக்கைப் பார்க்கவில்லை. 2022 பிப்ரவரி 22 அன்று இறந்தார். அவர் நடித்த 'பீஷ்ம பர்வம்' அடுத்த மாதம் வெளிவந்தது.

எங்கிருந்து தொடங்குவது என்ற கேள்விக்கு வருகிறேன். முதலில் 'காட்ஃபாதர்' அல்லது 'மணிச்சித்திரத்தாழ்' பாருங்கள், காது அந்தக் குரலுக்குப் பழகும். அடுத்து 'அமரம்', பிறகு 'ஸ்படிகம்'. அதற்குப் பின் 'கொடியேற்றம்'. முதலிலேயே இதை எடுத்தால் அதன் நிதானம் பலரை விரட்டிவிடும். 'மதிலுகள்' கடைசியில், குரலை நன்றாகத் தெரிந்துகொண்ட பிறகு கேட்டால்தான் அவர் அதை எவ்வளவு மாற்றியிருக்கிறார் என்பது பிடிபடும். நேரம் இருந்தால் 1972இல் வந்த 'சுயம்வரம்', அதில் பக்கத்து வீட்டுக் கல்யாணியாகச் சிறிது நேரமே வருகிறார். மொழிமாற்றுப் பதிப்பு எதுவும் வேண்டாம், மூல ஒலியும் எழுத்துரையும் (சப்டைட்டில்) போதும். ஒவ்வொரு படத்திலும் ஒரு காட்சியை இரண்டாவது முறை போட்டு, பேசுபவரை விட்டுவிட்டு லலிதாவை மட்டும் கவனியுங்கள்.

நாடகத்திலிருந்து வந்து இதே வரிசையில் நிற்பவர்களையும் தேடிப் பாருங்கள். 'ஈ.ம.யௌ.' படத்தில் பௌளி வல்சன். 'சுடானி ஃப்ரம் நைஜீரியா'வில் கோழிக்கோட்டு மேடை நடிகைகளான சாவித்திரி ஸ்ரீதரனும் சரசா பாலுசேரியும். 2018க்கான மாநிலக் குணச்சித்திர நடிகை விருதை இருவரும் பகிர்ந்துகொண்டார்கள்.