செங்கடல் கட்டணம் யார் தலையில்?

கேள்வி: திருப்பூரிலிருந்து ராட்டர்டாமுக்கு சி.ஐ.எஃப். விலையில் (கப்பல் கட்டணமும் இன்சூரன்ஸும் சேர்ந்த விலை) பின்னலாடை அனுப்புகிறோம். தூத்துக்குடியில் ஏறும் சரக்கு கொழும்பில் கப்பல் மாறும். செங்கடல் தாக்குதலைச் சொல்லி, போர் அபாயக் கட்டணம் தனியாகக் கேட்கிறார் ஃபார்வர்டர் (சரக்கை அனுப்பித் தரும் முகவர்). கட்டத்தான் வேண்டுமா? சரக்கு தாமதமானால் இன்சூரன்ஸ் தருமா?

பதில்: கப்பல் எந்த வழியாகப் போகிறது என்று முதலில் எழுத்தில் கேளுங்கள். 2023 நவம்பரில் கேலக்ஸி லீடர் கப்பலை ஏமனின் ஹூதி கிளர்ச்சியாளர்கள் செங்கடலில் பிடித்தார்கள். அடுத்த மாதமே பெரிய லைனர்கள் (கப்பல் நிறுவனங்கள்) செங்கடலின் தெற்கு வாசலான பாப் எல் மண்டேப் நீரிணையை விட்டு, ஆப்பிரிக்காவின் தென்முனையைச் சுற்றத் தொடங்கின. சுமார் 10 முதல் 14 நாள் கூடுதல். எண்ணெய்ச் செலவும் ஏறும். அந்தச் சுற்றுவழிக் கட்டணம் நியாயமானது. சி.ஐ.எஃப். என்பதால் அது உங்களுடையதுதான். ஆனால் செங்கடலை எட்டிக்கூடப் பார்க்காத கண்டெய்னருக்குச் செங்கடல் போர்க் கட்டணம் எதற்கு? லைனரின் அறிவிப்பைக் கேளுங்கள்: அமலாகும் தேதி, 20 அடிக்கு எவ்வளவு, 40 அடிக்கு எவ்வளவு. வாட்ஸ்அப்பில் வரும் தொகைக்கெல்லாம் பணம் போடாதீர்கள். இதைப் பெட்டியில் சரக்கு ஏற்றும் முன்பே பேசி முடியுங்கள். கப்பல் கிளம்பிய பிறகு பி.எல். (சரக்கு ஏறியதற்கான கப்பல் ரசீது) ஃபார்வர்டர் கையில், பேரம் பேச உங்களிடம் ஒன்றும் இருக்காது.

தாமதத்துக்கு இன்சூரன்ஸ் வராது. சீசன் தவறினாலும், வாங்குபவர் தள்ளுபடி கேட்டாலும் வராது. ‘ஆல் ரிஸ்க்’ என்று ஏஜெண்டு சொல்வதை நம்ப வேண்டாம். அதில் போரும் சேராது. போர்ப் பிரிவைத் தனியாகச் சேர்க்க வேண்டும்.

சேர்த்தாலும் கொழும்பில் ஓர் ஓட்டை உண்டு. போர்க் காப்பு கடலில் இருக்கும் சரக்குக்குத்தான். கப்பல் மாறும் துறைமுகத்தில், கப்பல் வந்த நாள் நள்ளிரவிலிருந்து 15 நாள் வரை நீடிக்கும். 16-ம் நாள் பெட்டி யார்டில் கிடந்தால் போர்க் காப்பு இல்லை; அடுத்த கப்பலில் ஏறியதும் மீண்டும் உயிர் பெறும். இடையில் சாதாரணக் காப்பு தொடரும் என்பதால் பயப்பட வேண்டாம். ஆனாலும் கொழும்பில் இறங்கிய தேதி, ஏறிய தேதி இரண்டையும் எழுத்தில் வாங்கி வையுங்கள். லைனர்கள் இதைத் தாமாகச் சொல்லவே மாட்டார்கள். நாலு மின்னஞ்சல் போட்டால்தான் ஒரு பதில் வரும்.

எல்.சி.யில் (வாங்குபவரின் வங்கி தரும் பண உறுதிக் கடிதம்) கப்பலேற்றும் கடைசித் தேதி தாண்டிவிடும் போலிருந்தால், முன்கூட்டியே வாங்குபவரிடம் திருத்தம் கேளுங்கள். “பி.எல்.லில் பழைய தேதி போட்டுத் தருகிறேன், கொஞ்சம் செலவாகும்” என்று ஓர் இடைத்தரகர் வருவார். அது மோசடி. கப்பல் கிளம்பிய தேதியை எவரும் இணையத்தில் பார்த்துவிடலாம். மாட்டினால் பணமும் போகும், வழக்கும் வரும்.