தோர்னக்கல் பிஷப்

அன்புள்ள ஐயா,

சென்ற மாதம் டெல்லியிலிருந்து சென்னைக்கு வந்தபோது ரயில் தோர்னக்கல் சந்திப்பில் சிறிது நேரம் நின்றது. எதிரில் இருந்த தெலுங்குப் பெரியவர் நான் திருநெல்வேலிக்காரன் என்று தெரிந்ததும், "எங்கள் பிஷப் உங்கள் ஊர்தான்" என்றார். அசரியாவைச் சொல்கிறார் என்று புரியவே நேரமாயிற்று. எங்கள் வீட்டில் கால்டுவெல்லைத் தெரியும், இவரைத் தெரியாது. வந்து தேடிப் படித்தேன். எல்லோரும் 1910இல் அவர் எடின்பரோவில் பேசியதையே திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள். எனக்கு ஒரு சந்தேகம். வெள்ளையர் சபை தன்னைத் தாராளமாகக் காட்டிக்கொள்ள முன்னே நிறுத்திய முகம்தானே இவர்? காந்திக்கும் இவருக்கும் ஒத்துப்போகவில்லை என்றும் படித்தேன். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

எஸ்., பாளையங்கோட்டை

அன்புள்ள எஸ்.,

உங்கள் சந்தேகம் அந்தக் காலத்திலேயே இருந்ததுதான். 1912 டிசம்பர் 29 அன்று கல்கத்தா புனித பவுல் பேராலயத்தில் வேதநாயகம் சாமுவேல் அசரியா ஆங்கிலிகன் சபையின் (இங்கிலாந்துத் திருச்சபை மரபு) முதல் இந்திய பிஷப்பாக அபிஷேகம் பெற்றார். வயது 38. குருப்பட்டம் பெறும் வழியில் கால்வைத்தே மூன்று ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியில் படித்தார், பட்டம் பெறவில்லை. அவருக்குக் கிடைத்த தோர்னக்கலோ ஹைதராபாத் நிஜாம் ஆட்சியின் ஒரு மூலை. சென்னை பிஷப் ஹென்றி வைட்ஹெட் பிடிவாதமாக நின்றிராவிட்டால் இது நடந்திருக்காது. (நம் கிராம தேவதைகளைப் பற்றி எழுதிய அதே வைட்ஹெட்தான். தத்துவஞானி ஆல்ஃபிரட் நார்த் வைட்ஹெட்டின் அண்ணன்.) எதிர்ப்பு மிஷனரிகளிடமிருந்து வந்தது, இந்தியக் கிறிஸ்தவர்களிடமிருந்தும் வந்தது. நம்மவர் எதிர்ப்பில் சாதி இருந்தது என்பதைச் சொல்லித்தான் ஆகவேண்டும். அசரியா நாடார் குடும்பத்தவர்.

ஆனால் வரிசையைக் கொஞ்சம் பாருங்கள். 1902இல் அவர் யாழ்ப்பாணம் போனார். அங்கிருந்த தமிழ்க் கிறிஸ்தவர்கள் தங்கள் சொந்தக் காசில் தமிழகத்துக்கே ஊழியர்களை அனுப்பிக்கொண்டிருந்தார்கள். நூறாண்டுக்கும் மேலாக மிஷனரிகளைப் பெற்று வளர்ந்த திருநெல்வேலிச் சபை அப்போது ஒருவரையும் வெளியே அனுப்பியிருக்கவில்லை. அசரியாவுக்கு அது வெட்கமாக இருந்தது. 1903 பிப்ரவரியில் உங்கள் பாளையங்கோட்டையில்தான் இந்திய மிஷனரி சங்கம் தொடங்கியது. ஆளும் பணமும் நிர்வாகமும் இந்தியருடையதாகவே இருக்கவேண்டும் என்பது அதன் விதி. அடுத்த ஆண்டே அதன் முதல் ஊழியர் தோர்னக்கலுக்குப் போனார். 1909இல் ஒய்.எம்.சி.ஏ. செயலாளர் பதவியை விட்டுவிட்டு அசரியாவும் அங்கே போய்ச் சேர்ந்தார். முப்பத்தைந்து வயதில் தெலுங்கில் பிரசங்கிக்கத் தயாராகும் மனிதரை எந்தச் சபையும் முன்னே நிறுத்தவேண்டியதில்லை. அவராகவே அங்கே நின்றுகொண்டிருந்தார். பிஷப் பதவி பிறகுதான் வந்து சேர்ந்தது.

எடின்பரோவுக்கு வருகிறேன். சுமார் 1,200 பிரதிநிதிகள் கூடிய உலக மிஷனரி மாநாடு. ஆசியர்கள் இருபது பேர்கூட இல்லை. அங்கே எழுந்து, மிஷனரிகளுக்கும் இந்திய ஊழியர்களுக்கும் இடையில் இருப்பது எசமான் வேலைக்காரன் உறவு என்ற பொருளில் பேசினார். ஏழைகளுக்கு உணவளிக்க உங்கள் பொருளைக் கொடுத்தீர்கள், சுட்டெரிக்க உங்கள் உடலையும் கொடுத்தீர்கள், நாங்கள் அன்பையும் கேட்கிறோம், எங்களுக்கு நண்பர்களைத் தாருங்கள் என்று முடித்தார். எல்லோரும் மேற்கோள் காட்டுவது இந்தக் கடைசி வரியைத்தான். வேதாகமத்தில் முதலாம் கொரிந்தியர் நிருபத்தின் பதின்மூன்றாம் அதிகாரம் தெரிந்த தமிழருக்கு அது பழக்கமான இடம். "அன்னதானம்" என்றுதான் நம் வேதாகமத்தில் அந்த வசனம் வரும். எத்தனை அன்னதானம் செய்தாலும் அன்பு இல்லையேல் பயனில்லை என்று சொல்லும் வசனம் அது. மிஷனரிகள் நமக்குக் கற்றுக்கொடுத்த அதிகாரத்தை அவர்களுக்கே வாசித்துக் காட்டினார். கோபப்பட்டவர்கள் கோபப்பட்டதில் வியப்பில்லை.

பேச்சை மட்டும் கொண்டாடுவதில் எனக்கு ஒரு எரிச்சல் உண்டு. பேச்சு சில நிமிடம், தோர்னக்கல் பிஷப் பணி 32 ஆண்டு. மாட்டு வண்டியிலும் சைக்கிளிலும் ஊர் ஊராகப் போனார். சபைக்கு வந்தவர்களில் பெரும்பாலோர் தீண்டத்தகாதவர்களாக நடத்தப்பட்ட மாலா, மாதிகா மக்கள். அவர்களிடம் அழுக்கு, நோய், கடன், குடி என்று நான்கு பேய்களைப் பற்றிப் பேசிக்கொண்டே இருந்தார். ஞானஸ்நானம் பெற்றவர்களைத் தலையில் கைவைக்கச் சொல்லி, சுவிசேஷத்தை அறிவிக்காவிட்டால் எனக்கு ஐயோ என்று சொல்லவைப்பார். எழுதப் படிக்கத் தெரியாத கூலிப் பெண்ணும் அன்றே ஊழியராகிவிட்டாள் என்று பொருள். அவருடைய மண்டலத்தின் (பிஷப்பின் ஆளுகைப் பகுதி) கிறிஸ்தவர் தொகை பின்னாளில் இரண்டு லட்சத்தைத் தாண்டியது. மண்டலம் பெரிதாக்கப்பட்டபோது ஐரோப்பிய மிஷனரிகளும் இந்தத் திருநெல்வேலிக்காரரின் அதிகாரத்தின் கீழ் வந்தார்கள்.

உங்கள் சந்தேகத்தில் பாதி சரி என்பதற்கும் ஒரு சான்று இருக்கிறது. 1912 முதல் 1945 ஜனவரி 1 அன்று அவர் இறக்கும்வரை, ஆங்கிலிகன் சபையில் சொந்த மண்டலம் உள்ள ஒரே இந்திய பிஷப் அவர்தான். துணை பிஷப்களாக இந்தியர்கள் வந்தார்கள். தனி மண்டலம் இன்னொருவருக்குத் தரப்படவில்லை. ஒருவரைக் காட்டியே 32 ஆண்டுகளை ஓட்டிவிட்டது சபை. அந்தக் கணக்கைச் சபையிடம் கேளுங்கள், அவரிடம் கேட்காதீர்கள்.

காந்தி விஷயம் இதைவிடச் சிக்கலானது. இருவரும் தீண்டாமையை எதிர்த்தார்கள். கிறிஸ்தவர்கள் மட்டும் வாக்களிக்கும் தனி வாக்காளர் தொகுதி வேண்டாம், அது சபையை ஒரு சாதியாக்கிவிடும் என்று நினைத்தவர் அசரியா. அந்த வகையில் காந்திக்குப் பக்கத்தில் நின்றவர். ஆனால் 1935இல், இந்துவாகச் சாகமாட்டேன் என்று அம்பேத்கர் அறிவித்த பிறகு எல்லாம் சூடேறிவிட்டது. 1936இல் ஒடுக்கப்பட்ட மக்களைக் கிறிஸ்துவிடம் அழைத்து அசரியா ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார். சேவை செய்யுங்கள், மதம் மாற்றாதீர்கள் என்றார் காந்தி. அதே ஆண்டு தன்னைப் பார்க்க வந்த ஜான் மாட்டிடம், பசுவுக்குச் சுவிசேஷம் சொல்வீர்களா, தீண்டத்தகாதவர்களில் சிலர் புரிந்துகொள்வதில் பசுவைவிட மோசம் என்று சொன்னார். இந்த மாட்தான் எடின்பரோ மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர். காந்தி பின்னர் அதற்கு விளக்கம் சொன்னார். காந்தியை மதிப்பவன் நான், அந்த விளக்கம் எனக்குப் போதவில்லை. தோர்னக்கல் கிராமங்களில் தலையில் கைவைத்து நின்றவர்களுக்குத் தாங்கள் செய்வது என்னவென்று தெரியும் என்று அசரியா நம்பினார். இருவரும் பிரிந்தது இந்த இடத்தில்தான். தேசிய வரலாற்றில் அவருக்கு இடமில்லாமல் போனதற்கும் இதுவே காரணம் என்பது என் எண்ணம். மிஷனரி வரலாறு அவரை எடின்பரோவோடு நிறுத்திவிட்டது. நம் மொழியைப் பற்றி எழுதியதால் கால்டுவெல் நமக்குக் கிடைத்தார், தெலுங்கில் உழைத்ததால் இவர் கிடைக்கவில்லை.

அடுத்த முறை தோர்னக்கலில் இறங்கிவிடுங்கள். அவர் கட்டிய பேராலயம் 1939 ஜனவரி 6 அன்று பிரதிஷ்டையானது. கோவில் மண்டபத் தூண்கள், மசூதியின் குவிமாடம், உச்சியில் சிலுவை. பெரியவருக்கு ஒரு சிறிய திருத்தமும் சொல்லிவிடுங்கள். அசரியா பிறந்த வெள்ளாளன்விளை இப்போது தூத்துக்குடி மாவட்டம். அங்கிருந்து யாராவது உங்களிடம் சண்டைக்கு வரலாம்.

அன்புடன்.