சென்னையில் வீட்டு ஹாலிலேயே ஆறு பிள்ளைகளை ஒன்றாக உட்கார வைத்துப் பியானோ சொல்லிக்கொடுக்க முடியுமா?

முடியும். ஆனால் ஆறு தனி வகுப்புகளை ஒரு மணி நேரத்துக்குள் திணிக்கப் பார்த்தால் முடியாது.

கேள்வியில் இருக்கும் விவரம் இதுதான்: கேட்டவர் பியானோ பரீட்சையில் கிரேடு 5 முடித்தவர், கையில் ஆறு 61 கீ கீபோர்டுகள், ஏழு முதல் பத்து வயதுப் பிள்ளைகள், வாரம் ஒரு மணி நேரம்; பிள்ளைகளின் வேகம் வித்தியாசப்பட்டால் என்ன செய்வது என்றும் கேட்கிறார். அறுபதை ஆறால் வகுத்து, ஆளுக்குப் பத்து நிமிஷம் என்று கணக்குப் போடாதீர்கள். உட்கார, புத்தகம் எடுக்க, தண்ணீர் குடிக்கப் போனது போக ஒரு பிள்ளைக்குத் தனியாகக் கிடைப்பது இரண்டு நிமிஷம். அந்த இரண்டு நிமிஷம் ஒவ்வொரு வாரமும் ஒவ்வொருவருக்கும் தவறாமல் கிடைத்தால் வகுப்பு உருப்படும். மீதி நேரத்தில் தனி வகுப்பு தர முடியாததைக் கொடுங்கள்: தாளம், காது, சேர்ந்து வாசிக்கும் பழக்கம்.

முதலில் இடம். கீபோர்டுகளைச் சுவரைப் பார்த்தபடி 'ப' வடிவில் போடுங்கள். பிள்ளைகளின் முதுகு உங்கள் பக்கம் இருக்கும், நடுவில் நின்றால் பன்னிரண்டு கைகளும் தெரியும். பள்ளிக்கூடம் மாதிரி உங்களைப் பார்த்து உட்கார வைத்தால் முகம்தான் தெரியும், விரல் தெரியாது. உயரத்தில்தான் நிறையப் பேர் கோட்டை விடுகிறார்கள். சாதாரணப் படிப்பு மேஜை சுமார் 75 செ.மீ. அதன் மேல் கீபோர்டு ஏறினால் கீயின் மட்டம் 83, 85 வரை போய்விடும். பியானோவில் அது 72, 73 தான். பிள்ளை தோளைத் தூக்கி வாசிக்கும், ஒரு மாதத்தில் அதுவே பழக்கமாகிவிடும். எக்ஸ் வடிவக் கீபோர்டு ஸ்டாண்டைக் குழந்தைக்காக இறக்கினால் கால்கள் அகன்று முழங்கால் இடிக்கும். உயரம் குறைந்த மேஜையும் கை வைக்காத ஸ்டூலும் போதும். கை வைத்த பிளாஸ்டிக் நாற்காலியில் முழங்கை மாட்டும், அது வேண்டாம். கால் தரையில் எட்டாத பிள்ளைக்கு ஒரு மணை போட்டுவிடுங்கள். கால் தொங்கினால் உடம்பு ஆடும், உடம்பு ஆடினால் விரலில் பலம் வராது.

ஆறு பேருக்கும் கம்பி வைத்த ஹெட்ஃபோன் கட்டாயம். புளூடூத் ஹெட்ஃபோனில் கீயை அழுத்திச் சற்றுப் பின்னால்தான் சத்தம் வரும், தாளமே கெட்டுப்போகும். வாங்கும் முன் கீபோர்டின் பின்பக்கம் பாருங்கள். சில மாடல்களில் ஓட்டை 3.5 மி.மீ., சிலவற்றில் 6.35 மி.மீ. அடாப்டர் வாங்கினால் ஸ்டீரியோ அடாப்டரா என்று கேட்டு வாங்குங்கள், இல்லாவிட்டால் ஒரு காதில் மட்டும்தான் கேட்கும். எலக்ட்ரானிக் சாமான் விற்கும் ரிச்சி தெருவில் இது சில்லறைக் காசு. ஒரே ஓட்டையில் இரண்டு ஹெட்ஃபோன் செருக உதவும் ஸ்பிளிட்டரும் அங்கேயே ஆறு வாங்கிவிடுங்கள். ஒவ்வொரு கீபோர்டிலும் ஒரு ஸ்பிளிட்டர் மாட்டியிருந்தால், நீங்கள் உங்கள் ஹெட்ஃபோனைச் செருகி அந்தப் பிள்ளை வாசிப்பதை மட்டும் கேட்கலாம். ஆசிரியர் ஒவ்வொரு கீபோர்டையும் தனியாகக் கேட்பதற்கென்றே விற்கும் விலை உயர்ந்த பியானோ லேப் கன்சோல் செய்யும் வேலையில் முக்கால்வாசி இதிலேயே முடிந்துவிடும். மின்விசிறிக்கு நோட்டுத்தாள் பறக்கும், துணிக் கிளிப் ஒரு டஜன் வைத்துக்கொள்ளுங்கள்.

வகுப்புக்கு முன்னால் எல்லா கீபோர்டையும் ஒருமுறை அணைத்துப் போட்டு, மிடில் சி-யை (நடுவில் இருக்கும் சி) தட்டிப் பாருங்கள். போன வகுப்பில் யாராவது டிரான்ஸ்போஸ் பட்டனை, அதாவது சுருதியை மாற்றும் பட்டனை, அமுக்கியிருப்பார்கள். சேர்ந்து வாசிக்கும்போது ஒன்று மட்டும் கண்றாவியாகக் கேட்கும். பிள்ளை சரியான கீயைத்தான் அழுத்துகிறது, சுருதிதான் ஏறியிருக்கிறது. இது தெரியாமல் பிள்ளையைத் திட்டினால் அது வாசிப்பதையே நிறுத்திவிடும். அணைத்துப் போட்டாலும் பழைய செட்டிங்கை நினைவில் வைத்திருக்கும் மாடல்கள் உண்டு, அதனால் காதால் கேட்டே தீர வேண்டும்.

ஒரு மணி நேரத்தை இப்படிப் பிரிக்கலாம். முதல் எட்டு நிமிஷம் கீபோர்டு பக்கமே போக வேண்டாம். நின்றுகொண்டு தாளம். நம் ஊர்ப் பிள்ளைகளுக்குச் சொற்கட்டு தயாராக இருக்கிறது: கிராட்செட்டுக்கு (ஒரு பீட்) 'தா', இரண்டு குவேவருக்கு (அரை பீட்) 'தக', நான்கு செமிகுவேவருக்கு (கால் பீட்) 'தகதிமி'. பலகையில் நான்கு பீட் எழுதி வாயால் சொல்லிக் கையால் தட்டச் சொல்லுங்கள். கர்நாடகப் பாட்டு கற்கும் பிள்ளைகள் இதில் முந்துவார்கள். அவர்களிடம் ஒன்றைக் கவனியுங்கள்: ஆதி தாளத்தின் எட்டு அட்சரத்தைக் கை எண்ணிக்கொள்ளும் என்று பழகியவர்கள் அவர்கள். பியானோவில் கை இரண்டும் வேலையாக இருக்கும், எண்ணிக்கை வாய்க்கு மாற வேண்டும். அதனால் தட்டாமல் வாயால் மட்டும் சொல்லும் சுற்று ஒன்றும் வையுங்கள்.

அடுத்த பத்து நிமிஷம் விரல் பயிற்சி, ஹெட்ஃபோன் இல்லாமல். சி மேஜர் ஸ்கேலில் (சுர வரிசையில்) வலது கை 1-2-3 முடிந்து (கட்டைவிரல்தான் 1) கட்டைவிரல் மற்ற விரல்களுக்கு அடியில் நுழைந்து எஃப்-க்குப் போக வேண்டும். ஆறு பேரும் எஃப் வந்ததும் அப்படியே நிற்கட்டும். நீங்கள் பின்னால் நடந்து பாருங்கள். முழங்கையைத் தூக்கி நுழைப்பவர் யார், மணிக்கட்டைத் திருகுபவர் யார், விரலின் நுனி மூட்டு உள்ளே மடிவது யாருக்கு என்று ஒரே பார்வையில் தெரிந்துவிடும். எஃப் மேஜருக்குப் போகும்போது கட்டைவிரல் 4-க்குப் பிறகுதான் நுழையும், பி ஃபிளாட் அங்கே இருப்பதால். அன்றைக்கு நான்கு பேர் பழக்கதோஷத்தில் 3-க்குப் பிறகு நுழைப்பார்கள். இரண்டு ஸ்கேலையும் ஒரே வாரத்தில் ஆரம்பிக்காதீர்கள்.

அதற்குப் பின் பத்து நிமிஷம் புதுப் பாடம், பதினைந்து நிமிஷம் ஹெட்ஃபோன் நேரம், மீதி சேர்ந்து வாசிப்பது.

ஹெட்ஃபோன் நேரத்தில்தான் அந்த இரண்டு நிமிஷம். ஸ்பிளிட்டரில் செருகி உட்காருங்கள். முழுப் பாட்டைக் கேட்காதீர்கள், இரண்டு பார் (நோட்டில் கோடு போட்டுப் பிரித்த கட்டம்) போதும். ஒரே ஒரு திருத்தம் சொல்லி, அதை உங்கள் கண் முன்னால் மூன்று தடவை சரியாக வாசிக்க வைத்து எழுந்துவிடுங்கள். மூன்று குறை சொன்னால் மூன்றும் வீட்டுக்குப் போகாது. மற்ற ஐந்து பேருக்கும் "இந்த நாலு பாரை இடது கை மட்டும் ஐந்து தடவை" என்று எழுதிக் கொடுத்திருக்க வேண்டும். "பிராக்டிஸ் பண்ணுங்க" என்று பொதுவாக விட்டால் கீபோர்டில் இருக்கும் டெமோ பாட்டும் நாய் குரைக்கும் சத்தமும்தான் நடக்கும். வகுப்பு முழுக்க ஹெட்ஃபோனிலேயே ஓட்டுவதும் தவறு. வீடு அமைதியாக இருக்கும், அக்கம்பக்கத்தில் சந்தோஷப்படுவார்கள், உங்களுக்கு ஒன்றும் தெரியாது.

வேகம் வித்தியாசப்படும், அதற்கு என்ன செய்வது என்றும் கேட்டிருக்கிறீர்கள். மூன்றாம் மாதம் இரண்டு பேர் ஓடிவிடுவார்கள், இருவர் தவழ்வார்கள். ஆளுக்கொரு பாட்டு கொடுத்தால் குழு அங்கேயே உடைந்துவிடும். ஒரே பாட்டை மூன்று தரத்தில் கொடுங்கள். பீத்தோவனின் 1824-ஆம் வருட ஒன்பதாவது சிம்பொனியின் கடைசிப் பகுதியில் வரும் 'ஓட் டு ஜாய்' மெட்டை எடுத்துக்கொள்வோம். நான்கு வரி, பதினாறு பார், சி மேஜரில் வாசித்தால் சி-யிலிருந்து ஜி வரை ஐந்து விரலுக்குள் கிட்டத்தட்ட அடங்கிவிடும். முதல் தரம் இடது கையில் பாருக்கு ஒரு சுரம்: முதல் வரிக்கு சி, ஜி, சி, ஜி, மூன்றாவது வரி முழுக்க ஜி. இரண்டாவது, நான்காவது வரிகளும் முதல் வரி மாதிரியே, ஆனால் முடிவு சி-யில். இரண்டாம் தரம் வலது கையில் மெட்டு. மூன்றாம் தரம் மெட்டும் கார்டும் (ஒன்றாக ஒலிக்கும் சுரங்கள்) சேர்த்து. இந்த மெட்டில் இரண்டு இடங்களில் வண்டி நிற்கும். மூன்றாவது வரியின் கடைசியில் ஒரு கீழ் ஜி வருகிறது, வலது கை எட்டாது. இடது கையின் கட்டைவிரல் அதே ஜி மேல்தான் இருக்கும், அதை வாசித்துக் கொடுக்கச் சொல்லுங்கள். நான்காவது வரியின் முதல் சுரம் மூலத்தில் ஒரு பீட் முன்னதாகவே வந்துவிடும். குழந்தைப் புத்தகங்கள் பலவற்றில் அதை நேராக்கியிருப்பார்கள். முதலில் நேராகவே வாசிக்கட்டும்.

மூன்று தரத்தையும் ஒரே ஆக்டேவில் (ஸ்தாயியில்) வாசித்தால் கூழாகிவிடும். அடித்தளமான முதல் தரத்துக்கு மிடில் சி-க்குக் கீழ் ஆக்டேவ், மெட்டுக்கு மிடில் சி, மூன்றாம் தரக்காரர்கள் இரண்டு கையையும் ஒரு ஆக்டேவ் மேலே தள்ளிக்கொள்ளட்டும். மெட்ரோனோமில் நிமிஷத்துக்கு 66 பீட் வைத்துத் தொடங்குங்கள். அடித்தளம் சுலபம்தானே என்று தவழும் பிள்ளைகள் இருவரையும் அங்கே போடுவார்கள், அது சரிவராது. மொத்தக் குழுவின் காலப்பிரமாணமும் அடித்தளத்தின் கையில். தாளம் உறுதியான ஒருவரோடு தடுமாறும் ஒருவரைச் சேர்த்து அங்கே உட்கார வையுங்கள். ஓடும் பிள்ளைக்கும் அது நல்ல தண்டனை, பாருக்கு ஒரு சுரத்தை அவசரப்படாமல் வாசிப்பது லேசில்லை.

முதல் வகுப்பிலேயே சேர்ந்து வாசிக்க வைக்க ஒரு வழி இருக்கிறது. கறுப்பு கீ ஐந்தையும் எஃப் ஷார்ப்பிலிருந்து, அதாவது நாலரைக் கட்டையிலிருந்து, வரிசையாக வாசித்தால் மோகனம். எதை அழுத்தினாலும் அபசுரம் வராது. நீங்கள் எஃப் ஷார்ப்பையும் சி ஷார்ப்பையும் சுருதி மாதிரிப் பிடித்துக்கொண்டால், பிள்ளைகள் ஆளுக்கு நான்கு பீட் தோன்றியதை வாசிக்கலாம். நோட்டேஷன் தெரிய வேண்டியதில்லை.

பாட்டு கற்கும் பிள்ளைகளுக்கு இன்னொரு சிக்கல்: சி என்றாலே 'ஸ' என்று மனதில் ஒட்டிவிடும். ஜி மேஜர் வந்ததும் குழப்பம். கீயின் பெயருக்கு எப்போதும் ஏ, பி, சி மட்டும். சுரத்தை ஸ்கேலின் வடிவத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்: மேஜர் என்றால் சங்கராபரணம், ஷட்ஜம் எங்கே வேண்டுமானாலும் போகும். கீதம், வர்ணம் கேட்டு வரும் பெற்றோரிடம் தெளிவாகச் சொல்லிவிடுங்கள், பியானோவில் கமகம் வராது. கீயில் எழுத்து ஸ்டிக்கர் ஒட்டுவதும் வேண்டாம். கண் கீயிலேயே ஒட்டிக்கொள்ளும், நோட்டுக்குப் போகாது. மிடில் சி, டிரெபிள் (நோட்டின் மேல் ஐந்து கோடு) ஜி, பேஸ் (கீழ் ஐந்து கோடு) எஃப் மூன்றையும் அடையாளமாக நிலைநிறுத்தி மற்றதை அங்கிருந்து எண்ண வையுங்கள். இங்கே 61 கீயில் இடமிருந்து மூன்றாவது சி மிடில் சி, 88 கீ பியானோவில் அது நான்காவது. பரீட்சை அறையில் ஒரு ஆக்டேவ் தள்ளி உட்காரும் பிள்ளைகள் உண்டு.

பரீட்சை என்றதும்: பியானோ கிரேடா, எலக்ட்ரானிக் கீபோர்டு கிரேடா என்பதைச் சேர்க்கும் அன்றே பேசுங்கள். இசைப் பரீட்சை நடத்தும் டிரினிட்டியில் இரண்டுக்கும் தனித்தனிப் பாடத்திட்டம். கீபோர்டு கிரேடில், கருவியே வாசித்துக்கொள்ளும் ஆட்டோ ரிதம், ஆட்டோ கார்டு எல்லாம் பாடத்தின் பகுதி. பியானோவுக்குப் போகிறவர்கள் வகுப்பில் அதைத் தொடவே கூடாது. ஆரல் தேர்வுக்கு (காதால் கேட்டுச் சொல்வது) குழு வகுப்பை அடிக்க ஆளில்லை. இன்னொரு பரீட்சை அமைப்பான ஏபிஆர்எஸ்எம்-இன் கிரேடு 1-இல் பீட்டைத் தட்டி இரண்டா மூன்றா என்று சொல்ல வேண்டும், கேட்டதைத் திருப்பிப் பாட வேண்டும், சுரம் எங்கே மாறியது என்று கண்டுபிடிக்க வேண்டும். தனியாகப் பாடக் கூசும் பிள்ளை கூட்டத்தோடு பாடிவிடும்.

லீவு விஷயம். அரையாண்டுத் தேர்வு, மழை விடுமுறை, பொங்கல் என்று நவம்பர் கடைசியிலிருந்து ஜனவரி பாதி வரை முழு வருகை இருக்காது. அந்த வாரங்களில் புது ஸ்கேல், புது கிளெஃப் எதையும் ஆரம்பிக்காதீர்கள். பழைய பாட்டை வேறு தரத்தில் வாசிக்க வையுங்கள். வராதவருக்கு ஈடு வகுப்பு தருவதாக ஒப்புக்கொண்டால் வாரம் முழுவதும் அதற்கே போய்விடும். அன்றைய புதுப் பாடத்தை இரண்டு நிமிஷ வீடியோவாக எடுத்து பெற்றோர் வாட்ஸ்அப் குழுவில் போடுவதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். கட்டணம் மாதக் கணக்கில், வகுப்புக் கணக்கில் அல்ல.

கிரேடு 1 தாண்டியதும் குழுவில் மட்டும் வைத்திருப்பது பிள்ளைக்கு நஷ்டம். பெடல், ஒரு கையை அடக்கி இன்னொரு கையை எழுப்புவது, இவற்றை வெயிட் இல்லாத, அதாவது பியானோ கீ மாதிரிக் கனம் இல்லாத, 61 கீயில் சரியாகக் கற்றுத் தர முடியாது. அப்போது வெயிட்டட் 88 கீ டிஜிட்டல் பியானோ ஒன்று வீட்டில் வேண்டும், வாரம் முப்பது நிமிஷம் தனி வகுப்பும் வேண்டும். இதைப் பெற்றோரிடம் சேர்க்கும்போதே சொல்லிவையுங்கள். ஆரலுக்கும் ஸ்கேலுக்கும் அந்தப் பிள்ளைகள் பழைய குழுவுக்கே வந்துபோகலாம்.