நீள நகம் வேண்டாம், நீளமாகத் தெரியும் நகம் போதும்

கேள்வி: மதுரையில் ஒரு தனியார் மருத்துவமனையில் ஐசியூ நர்ஸாக வேலை பார்க்கிறேன். தை மாதம் எனக்குக் கல்யாணம். நிச்சயதார்த்த ஆல்பத்தில், மோதிரம் போட்ட என் கையை மட்டும் ஒரு பக்கம் முழுக்கப் பெரிதாக்கிப் போட்டிருக்கிறார்கள். பார்த்ததும் அழுகை வந்துவிட்டது. நகங்கள் எல்லாம் குட்டையாக, அகலமாக, சதுரமாகத் தெரிகின்றன. கட்டைவிரல் நகம் இன்னும் மோசம். டியூட்டியில் நகம் வளர்க்க முடியாது. “அக்ரிலிக் நகம் ஒட்டிக்கோங்க அண்ணி, பத்து நாள் கழிச்சு எடுத்துடலாம்” என்கிறாள் வருங்கால நாத்தனார். ஒட்டலாமா? நகம் வளர்க்காமலே விரல்கள் நீளமாக, அழகாகத் தெரிய ஏதாவது வழி உண்டா? பயோட்டின் என்ற வைட்டமின் மாத்திரை சாப்பிட்டால் பலன் கிடைக்குமா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்:

அன்புள்ள சகோதரி,

அக்ரிலிக் நகம் வேண்டாம். உங்கள் நாத்தனார் ஆசையாகத்தான் சொல்லியிருக்கிறார். ஆனால் அதை ஒட்டுவதற்கு முன்னால் உங்கள் சொந்த நகத்தின் மேற்பரப்பை ராவிச் சொரசொரப்பாக்குவார்கள். எடுக்கும்போது அசிட்டோனில் ஊறவைத்துச் சுரண்டுவார்கள். மிஞ்சுவது மெலிந்துபோன நகம். கைநகம் மாதத்துக்குச் சுமார் 3 மில்லிமீட்டர்தான் வளரும். ஒரு நகம் அடியிலிருந்து நுனிவரை முழுதாகப் புதிதாக வர ஆறு மாதம் ஆகும். அத்தனை மாதமும் அந்த மெலிந்த நகத்தோடுதான் நீங்கள் சானிடைசரில் கை தேய்க்க வேண்டும். அந்தப் பசையில் இருக்கும் அக்ரிலேட் சிலருக்கு அலர்ஜி தரும். ஒரு தடவை வந்தால் ஆயுசுக்கும் போகாது. பின்னாளில் பல் அடைக்கும் பொருளில், சர்க்கரை அளவு பார்க்க ஒட்டும் சென்சார் பசையில்கூட அது தொல்லை கொடுக்கலாம். பத்து நாள் அழகுக்கு இது அதிக விலை.

உங்கள் மருத்துவமனை விதியும் ஒப்புக்கொள்ளாது. உலக சுகாதார நிறுவனம் 2009-இல் வெளியிட்ட கைச் சுகாதார வழிகாட்டுதல், நோயாளியைத் தொட்டுப் பராமரிப்பவர்கள் செயற்கை நகம் வைக்கக் கூடாது என்கிறது. இயற்கை நகத்தின் நுனி அரை சென்டிமீட்டருக்குள் இருக்க வேண்டும் என்றும் சொல்கிறது. அந்த அரை சென்டிமீட்டரைக் கொஞ்சம் கவனியுங்கள். ஒட்ட ஒட்ட வெட்ட வேண்டும் என்று அதில் எங்கும் இல்லை. உங்கள் மருத்துவமனையில் விதி இன்னும் கடுமையாக இருக்கலாம், கேட்டுக்கொள்ளுங்கள். ஆனால் ஒன்றிரண்டு மில்லிமீட்டர் நுனி விட அனுமதி கிடைத்தாலே நான் சொல்லப்போவது அத்தனையையும் செய்துவிடலாம்.

நகத்தை நீளமாக்க வேண்டும் என்றதும் எல்லோரும் நுனியைத்தான் பார்க்கிறார்கள். பார்க்க வேண்டிய இடம் பின்பக்கமும் இரண்டு ஓரங்களும். அகலத்தோடு ஒப்பிட்டுத்தான் நம் கண் நீளத்தை எடைபோடும். பின்னால் கொஞ்சம் கூட்டி, பக்கவாட்டில் கொஞ்சம் குறைத்தால் நுனியைத் தொடாமலே நகம் நீண்டுவிடும்.

இப்போதே உங்கள் மோதிர விரலை வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். நகத்தின் அடியில் மெல்லிய தோல் ஒன்று நகத்தின் மேல் ஏறிப் படர்ந்திருக்கும். பார்லர்களில் க்யூட்டிக்கிள் என்பார்கள். ஒரு ஷிஃப்டில் எத்தனை முறை கை கழுவுகிறீர்கள் என்று உங்களுக்கே கணக்கு இருக்காது. அப்படி நனைந்து நனைந்து காயும் கையில் அந்தத் தோல் வறண்டு, நகத்தோடு ஒட்டிக்கொண்டு முன்னேறிவிடும். அது மூடி வைத்திருக்கும் பகுதியும் நகம்தான். ஒரு விரலில் ஒரு மில்லிமீட்டர் மீட்டாலும் போதும். மொத்த நகமே ஒரு சென்டிமீட்டர் அளவில் இருக்கும்போது அது பெரிய சங்கதி.

மீட்பது சுலபம். வாரத்துக்கு இரண்டு நாள், இரவு குளித்தவுடன் செய்யுங்கள். வெதுவெதுப்பான தண்ணீரில் விரல்களை ஐந்து நிமிடம் வையுங்கள். மெல்லிய பருத்தித் துண்டை மறு கையின் கட்டைவிரலில் சுற்றிக்கொண்டு, அந்தத் தோலை நகத்தின் அடியை நோக்கி மெதுவாகத் தள்ளுங்கள். அது எங்கே நிற்கிறதோ அங்கே நிறுத்திவிடுங்கள், வலிக்க வலிக்கத் தள்ளக் கூடாது. முடிந்ததும் ஒரு சொட்டுத் தேங்காய் எண்ணெயோ விளக்கெண்ணெயோ வைத்துத் தேய்த்துவிட்டுப் படுங்கள். எண்ணெய் மட்டும் தினமும் வேண்டும். கல்யாணத்துக்குள் நிச்சயம் வித்தியாசம் தெரியும்.

அந்தத் தோலை வெட்ட மட்டும் யாரையும் விடாதீர்கள். கிருமி உள்ளே போகாமல் அடைத்து நிற்பது அதுதான். வெட்டினால் நகச்சுற்று வரலாம், நீங்கள் பார்க்காத நகச்சுற்றா? மணப்பெண் மெனிக்யூருக்கு உட்கார்ந்ததும் முதல் வார்த்தையாக “க்யூட்டிக்கிளை வெட்டாதீங்க, தள்ளி மட்டும் விடுங்க” என்று சொல்லிவிடுங்கள். பேச்சு சுவாரஸ்யத்தில் கத்தரி வந்துவிடும்.

நகத்தின் நுனிக்கு அடியில் ஊக்கு, தீக்குச்சி விட்டு அழுக்கெடுக்கும் பழக்கம் இருந்தால் இன்றோடு விட்டுவிடுங்கள். நகத்தோடு ஒட்டியிருக்கும் தோல் அங்கே பிரிந்து பின்வாங்கும். இளஞ்சிவப்புப் பகுதி குறைந்து வெள்ளைப் பகுதி கூடும். விரலுக்கு நீளம் தருவதே அந்த இளஞ்சிவப்புதான். நகம் கடிப்பதும் இதே கெடுதலைச் செய்யும். சீண்டாமல் விட்டால் பெரும்பாலும் மெல்ல மெல்ல முன்னுக்கு வந்துவிடும்.

அடுத்து வடிவம். உங்கள் நகம் சதுரமாகத் தெரிவதற்குப் பெரும்பாலும் நகவெட்டிதான் காரணம். ஒரே நறுக்கில் நேராக வெட்டினால் மூலைகள் இரண்டும் அப்படியே நிற்கும், அகலம் எடுப்பாகத் தெரியும். இனிமேல் வெட்டுவதைக் குறைத்து, ஃபைல் வைத்து வாரத்துக்கு ஒரு தடவை ராவுங்கள். இரும்பு ஃபைல் வேண்டாம், 240 என்று எண் போட்ட மென்மையான ஃபைல் ஃபேன்சி ஸ்டோரில் கிடைக்கும். நகம் நன்றாகக் காய்ந்திருக்க வேண்டும். ரம்பம் போல முன்னும் பின்னும் இழுக்காமல் ஓரத்திலிருந்து நடுவுக்கு ஒரே திசையில் இழுங்கள். நகத்தின் அடியில் என்ன வளைவு இருக்கிறதோ அதே வளைவை நுனியிலும் கொண்டுவந்தால் போதும், முட்டை வடிவம் தானாக அமையும். மூலைகளை மட்டும் தொடுங்கள், பக்கச் சதைக்குள் இறங்க வேண்டாம். பாதாம் போலக் கூராக்கும் வடிவத்துக்கு நீளம் வேண்டும், உங்களுக்கு அது சரிவராது.

கட்டைவிரல் பற்றி எழுதியிருந்தீர்கள். பிறவியிலேயே கட்டைவிரல் நுனி எலும்பு குட்டையாக, நகம் அகலமாக இருப்பவர்கள் நிறையப் பேர். குடும்பத்தில் அம்மாவுக்கோ அத்தைக்கோ அப்படி இருக்கிறதா என்று பாருங்கள். அது குறையோ நோயோ கிடையாது. நிறத்தில் அதைச் சமாளித்துவிடலாம்.

நெயில் பாலிஷ் வாங்குவதில்தான் நம் ஊர்ப் பெண்கள் அதிகம் ஏமாறுகிறார்கள், எனக்கு அதில் நிஜமாகவே வருத்தம் உண்டு. ‘நியூட்’ என்று பெயர் போட்டு வரும் பால்நிற இளஞ்சிவப்பு பெரும்பாலும் வெளுத்த தோலுக்காகக் கலக்கப்பட்டது. மாநிறக் கையிலும் கறுத்த கையிலும் சுண்ணாம்பு தடவினது போல நகம் தனியாகப் பிரிந்து நிற்கும். நகம் எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று கோடு போட்டுக் காட்டிவிடும். குட்டை நகத்துக்கு அது எதிரி. உங்களுக்கு வேண்டியது உங்கள் விரலின் நிறத்தோடு கலந்து போகிற நிறம்: கேரமல், பழுப்பு கலந்த ரோஸ், செங்கல் நிறத்தில் இளசு. அப்போது விரல் எங்கே முடிந்து நகம் எங்கே ஆரம்பிக்கிறது என்று கண்ணுக்குப் பிடிபடாது, விரல் முழுவதும் ஒரே கோடாக நீளும். பாட்டிலைப் பார்த்து வாங்காதீர்கள். கடையில் ஒரு நகத்தில் போட்டுக்கொண்டு, டியூப் லைட்டை விட்டு வாசலுக்கு வந்து, கையை நீட்டிப் பாருங்கள். நகம் முதலில் கண்ணில் படுகிறதா, விரல் படுகிறதா? விரல் பட்டால் அதுதான் உங்கள் நிறம்.

கூறைப்புடவைக்குப் பழுப்பு எடுக்காது என்று வீட்டில் சொல்வார்கள். அரக்கு, மெரூன் போடலாம், தப்பே இல்லை. போடும் விதத்தில்தான் இருக்கிறது விஷயம். நகத்தின் இரண்டு ஓரங்களிலும் தலைமுடி அளவுக்கு இடைவெளி விடுங்கள். முதலில் நடுவில் அடியிலிருந்து நுனிவரை ஒரு இழுப்பு, பிறகு இரு பக்கமும் ஒவ்வொன்று. பக்கச் சதையைத் தொடும் முன்பே பிரஷ்ஷை நிறுத்திவிடுங்கள். பார்ப்பவர் கண் நிறம் இருக்கிற அந்தக் குறுகலான பட்டையைத்தான் நகமாக எடுத்துக்கொள்ளும். அடர்நிறத்தில் இது இன்னும் நன்றாகப் பலிக்கும். உங்கள் கட்டைவிரலில் மட்டும் இடைவெளியைச் சற்றுக் கூடுதலாக விடுங்கள். அடிப்பக்கம் தோலைத் தொடாமல் எவ்வளவு நெருங்க முடியுமோ நெருங்குங்கள். நுனியில் தடிமனான வெள்ளைக் கோடு, குறுக்குக் கோட்டு டிசைன், பெரிய மினுக்குத்துகள், கல் எதுவும் வேண்டாம், குட்டை நகத்தை அவை இரண்டாக வெட்டிக் காட்டும்.

மருதாணிக்கு வருகிறேன். விரல் நுனிக்குத் தொப்பி வைப்பார்களே, அதை இன்றைய டிசைன்காரர்கள் பழசு என்று ஒதுக்குகிறார்கள். என்னைக் கேட்டால் குட்டை நகத்துக்கு அதைவிட நல்ல அலங்காரம் கிடையாது. முதல் கணு வரைக்கும் சதையும் நகமும் ஒரே சிவப்பாகிவிடும். நகத்தின் எல்லையே மறைந்து நுனி முழுவதும் நகம் போலத் தோன்றும். ஒன்று மட்டும் யோசித்துக்கொள்ளுங்கள்: மருதாணியில் இருக்கும் லாசோன் என்ற நிறப்பொருள், தோலிலும் நகத்திலும் இருக்கும் கெரட்டின் என்ற புரதத்தோடு பிணைந்துவிடும். தோல் உதிர உதிரக் கையில் இரண்டு மூன்று வாரத்தில் மங்கிவிடும், நகத்தில் மங்காது, வளர்ந்துதான் போக வேண்டும். டியூட்டிக்கு அது சரிப்படுமா என்று உங்கள் தொற்றுக் கட்டுப்பாட்டு நர்ஸிடம் முன்கூட்டியே கேளுங்கள். வேண்டாம் என்றால், மருதாணி வைக்கும் முன் நகத்தின் மேல் நிறமில்லாத பாலிஷ் ஒரு கோட் போட்டுக்கொள்ளுங்கள், பிறகு ரிமூவரால் துடைத்துவிடலாம். கோன் டிசைன் போடுவதானால் விரலைச் சுற்றி வளையம் வளையமாகப் போடாமல், மேலிருந்து நுனிவரை ஒரே கொடியாக இறங்கும்படி கேளுங்கள். இரண்டு நாள் முன்னால் வைத்தால் முகூர்த்தத்தன்று நன்றாகக் கறுத்துச் சிவந்திருக்கும். அரை மணி நேரத்தில் கன்னங்கரேல் என்று பிடிக்கும் கோன் எதையும் தொடாதீர்கள். சுத்தமான மருதாணி அப்படிப் பிடிக்காது. அதில் பிபிடி என்ற தலைச்சாய ரசாயனம் இருக்கலாம், கை கொப்பளித்துத் தழும்பாகிவிடலாம்.

பயோட்டின் வேண்டாம். குறைபாடு இல்லாதவர்களுக்கு அதனால் நகம் வேகமாக வளரும் என்பதற்குப் பெரிய ஆதாரம் இல்லை. அதிக அளவில் எடுத்தால், மாரடைப்பைக் கண்டறியும் ட்ரோபோனின் போன்ற ரத்தப் பரிசோதனை முடிவுகளைக் குழப்பும் என்று அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ 2017-இல் எச்சரித்ததை நீங்கள் கேள்விப்பட்டிருப்பீர்கள். நகம் வெளிறி, நடுவில் குழிந்து கரண்டி போலத் தெரிந்தால் மட்டும் ரத்தசோகை இருக்கிறதா என்று ஹீமோகுளோபின் பார்த்துவிடுங்கள்.

உங்களை அழவைத்த அந்தப் படத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. கேமராவைக் கைக்கு மிக அருகில் கொண்டுபோய் எடுத்தால், முன்னால் இருக்கும் விரல் நுனி பருத்துத்தான் தெரியும், யார் கையாக இருந்தாலும். சற்றுத் தள்ளி நின்று ஜூம் செய்து எடுக்கும்படி போட்டோகிராஃபரிடம் சொல்லுங்கள். விரல்களை விரிக்காமல் சேர்த்து, லேசாக மடக்கி, கையைச் சற்றுப் பக்கவாட்டில் திருப்பி வையுங்கள். மோதிரம் இறுக்கமாக இருந்தால் சதை பிதுங்கும், கல்யாணத்துக்குள் ஆசாரியிடம் கொடுத்து அளவைச் சரிசெய்துவிடுங்கள்.

பாலிஷை முகூர்த்தத்துக்கு முதல் நாள் சாயங்காலமே போட்டுவிடுங்கள். முதலில் நகத்தில் எண்ணெய்ப் பிசுக்கு இல்லாமல் ரிமூவர் தொட்ட பஞ்சால் துடைத்து, பேஸ் கோட், மெல்லிசாக இரண்டு கோட் நிறம், மேலே டாப் கோட். ராத்திரி படுக்கும் நேரத்தில் போட்டால் போர்வைத் தடம் விழுந்துவிடும். கால் விரல்களுக்கும் அதே நிறம் போடுங்கள், மெட்டி போடும்போது அங்கேயும் கேமரா வரும். பாட்டிலை உங்கள் தங்கையிடமோ தோழியிடமோ கொடுத்து வைத்தால் நுனியில் உதிர்ந்த இடத்தை மேடைக்குப் போகும் முன் தொட்டுவிடலாம். டியூட்டிக்குத் திரும்புவதற்கு முந்தின நாள் ராத்திரி கைநகம் எல்லாவற்றையும் துடைத்துவிட்டு, எண்ணெய் வைத்துக்கொண்டு படுங்கள்.