வங்கிக் கடன் தகராறை வழக்குக்குப் போகாமல் பேசித் தீர்க்க முடியுமா?

முடியும். 'லோயர் கடிதம் வந்துவிட்டது, இனிப் பேசிப் பயனில்லையா' என்றும் கேட்டிருக்கிறீர்கள். எனக்கு உருப்படியான பேச்சே அந்தக் கடிதத்துக்குப் பிறகுதான் தொடங்கியது.

கொழும்பு புறக்கோட்டையில் சின்னத் துணிக்கடை. 2019இல் வங்கியில் 18 இலட்சம் கடன் எடுத்தேன். கொரோனா, சலுகைக் காலம், அப்புறம் 2022. அந்த ஏப்ரலில் மத்திய வங்கி, மற்ற வங்கிகளுக்குத் தான் கடன் கொடுக்கும் வட்டியை 7.5 வீதத்திலிருந்து ஒரேயடியாக 14.5 வீதத்துக்கு ஏற்றியது. என்னுடையது மாறும் வட்டி, அதோடு சேர்ந்து ஏறியது. தவணைகள் தவறின. (ஏமாற்றப் பார்த்தவன் என்று எழுத வருகிறவர்கள் அந்த வருடம் பெற்றோல் வரிசையில் நின்றிருக்க மாட்டார்கள்.)

கிளை முகாமையாளரிடம் நாலு தரம் போனேன். தேநீர் தந்தார். வட்டியைத் தள்ளும் அதிகாரம் அவர் கையில் இல்லை, நிலுவைக் கடனை அறவிடும் தலைமை அலுவலகப் பிரிவில் இருந்தது. அங்கே ஒரு சீ.ஆர். கொப்பியோடு போனேன். கட்டிய சீட்டையெல்லாம் திகதிப்படி ஒட்டி, பக்கத்தில் வங்கி எதற்கு வரவு வைத்தது என்று எழுதியிருந்தேன். 2023 பெப்ரவரியில் கட்டிய 40,000 ரூபாயில் ஒரு சதம்கூட முதலுக்குப் போகவில்லை, முழுக்கத் தண்டவட்டிக்கு, அதாவது தவணை தவறியதற்கான மேலதிக வட்டிக்கு. அந்தப் பக்கத்தைத் திருப்பி வைத்தேன். அதுவரை கணினியையே பார்த்துக்கொண்டிருந்த அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். "கொப்பிய வச்சிட்டு இருங்க அண்ணே, சேரோட பேசிட்டு வாறன்."

கடைசியில் ஒத்துக்கொண்டது இதுதான்: முதலும் சாதாரண வட்டியும் நான் கட்டுவது, தண்டவட்டி தள்ளுபடி, 3 இலட்சம் முற்பணம், மீதி 14 மாதத்தில். வாய்ப்பேச்சை நம்பி முற்பணம் கட்டிவிடாதீர்கள். இதை எழுதிய வங்கிக் கடிதம் கைக்கு வந்த பிறகே கட்டினேன். ஒரு தவணை தவறினாலும் தள்ளிய வட்டி திரும்ப ஏறும் என்று அதில் ஒரு வரி. 'தொடர்ந்து இரண்டு' என்று மாற்றச் சொன்னேன், மாற்றினார்கள்.

வீடு, காணி அடமானத்தில் இருந்தால் கதை வேறு. 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டப்படி பெரிய கடன்களுக்கு வங்கி வழக்குப் போடாமலே ஏலம் விடலாம், 'பராட்டே' என்பார்கள். இடையில் கொஞ்சக் காலம் நிறுத்தி வைத்ததை நம்பிச் சும்மா இருக்காமல் சட்டத்தரணியைப் பாருங்கள். பேச்சு முறிந்தால், வங்கிகள் மீதான முறைப்பாடுகளை விசாரிக்கும் நிதி ஒம்புட்ஸ்மனிடம் போகலாம், காசு கேட்பதில்லை. முதலில் வங்கிக்கு எழுத்தில் முறையிட்டிருக்க வேண்டும்.

எனக்கு அடமானம் இல்லை, பிணைக்கு மச்சான் நின்றார். அவருக்கும் கடிதம் போக, 'கிரிப்பில் (யார் கடனைக் கட்டவில்லை என்று பதிந்து வைக்கும் கடன் தகவல் பணியகம்) என் பெயரைக் கெடுத்துவிட்டான்' என்று சொந்தக்காரர் வீடெல்லாம் சொல்லித் திரிந்தார். கோபம் நியாயம்தான், மறுக்கவில்லை. கடன் தீர்ந்த கடிதத்தின் பிரதியைக் கொண்டுபோய்க் கொடுத்தபோது பிரித்தும் பார்க்கவில்லை, டீவிக்கு மேலே வைத்தார். ஆனால் அவர் மகளின் சாமத்திய வீட்டுக்கு வெள்ளவத்தையில் மண்டபம் பிடித்த காசு என் கடை லாச்சியிலிருந்துதான் போனது. அது இன்னும் வரவில்லை.