வீரவாகுவும் ஒட்டுத்தாடியும்

ஐயா,

எங்கள் ஊர் முளைக்கொட்டுத் திருவிழாவில் அரிச்சந்திரா மயானகாண்டம் நாடகம் போட்டார்கள். ராஜபார்ட்டைவிட (கதாநாயகனைவிட), சுடுகாட்டுத் தலைவன் வீரவாகுவாக வந்தவர்தான் இன்னும் கண்ணில் நிற்கிறார். அதுமாதிரி வேடங்களை மட்டுமே கட்டி, சினிமா பக்கம் போகாமல் காலந்தள்ள முடியுமா?

– வாசகர், தேவிபட்டினம்

அன்புள்ள தம்பி,

தள்ளலாம். ஆனால் வீரவாகு ஒருவரை மட்டும் நம்பித் தள்ள முடியாது.

நிரந்தரக் குழு இல்லாமல், நடிகர்களைத் தனித்தனியாக அமர்த்திப் போடும் ஸ்பெஷல் நாடகத்தில் ஒத்திகை கிடையாது. ராஜபார்ட் ஓர் ஊர், கதாநாயகியான ஸ்திரீபார்ட் ஓர் ஊர், ஹார்மோனியம் வேறு ஊர். எல்லாரும் முகம் பார்ப்பதே ராத்திரி கொட்டகையில்தான். அதனால் எதிராளியின் பாடமும் உங்கள் தலைக்குள் இருக்க வேண்டும். விசுவாமித்திரர், காலகண்டர், பவளக்கொடியில் கிருஷ்ணர், சத்தியவான் சாவித்திரியில் எமன் என்று நாலைந்து பார்ட் கையில் இருந்தால் ஏஜெண்ட் கூப்பிடுவார். (நாரதர் வேறு சங்கதி, பாட்டும் தர்க்கமும் ராஜபார்ட் அளவுக்கு வேண்டும்.) சைடு பார்ட் (துணை வேடம்) என்று யாராவது இளக்காரமாகப் பேசினால், நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகளே (1867–1922) ஆரம்பத்தில் எமனும் சனீஸ்வரனும் கட்டியவர் என்று சொல்லுங்கள்.

இரட்டை வேடம் பேசும்போது உஷார். காலகண்டரையும் வீரவாகுவையும் ஒரே தலையில் கட்டப் பார்ப்பார்கள். அரிச்சந்திரன் மனைவி சந்திரமதியை அந்தணர் காலகண்டர் அடிமையாக வாங்கிய கையோடு அரிச்சந்திரனை வீரவாகு வாங்க வேண்டும். திறந்த மார்பும் பூணூலுமாக நின்றவர் கறுப்பு மை பூசி, மீசை ஒட்டி, முண்டாசு கட்டி வருவதற்குள், கடன் வசூலிக்க வந்த நட்சத்திரேசன் பேச்சை வளர்த்துத் தவிப்பார். மகன் லோகிதாசனைப் பாம்பு தீண்டியபின் காலகண்டர் மறுபடி வரணும். மையைக் கழுவ நேரம் ஏது? விசுவாமித்திரரும் வீரவாகுவும் என்றால் சரி, இடையில் அவகாசம் உண்டு.

நம் கடற்கரையில் பெரிய தொல்லை தாடிதான். வியர்வையும் உப்புப் பிசுபிசுப்பும் படிந்த தோலில் தாடி ஒட்டும் பசையான ஸ்பிரிட் கம் பிடிக்காது. பாடப்பாட ஓரம் கிளம்பும். முகம் கழுவி, ஒட்டும் இடத்தை மட்டும் ஸ்பிரிட்டால் துடையுங்கள். அங்கே எண்ணெயோ மேக்கப்போ படக்கூடாது. கம்மை மெல்லிசாகத் தடவி, விரல் வைத்தால் இழுக்கிற பதம் வரும்வரை பொறுங்கள். ஈரத்தில் ஒட்டினால் வழுக்கிவிடும். வாயை லேசாகத் திறந்தபடி ஈரத்துணியால் அழுத்துங்கள். மூடிக்கொண்டு ஒட்டினால் முதல் வசனத்திலேயே தாடை இழுத்துப் பிரித்துவிடும். விடிந்ததும் பிய்க்காமல், தேங்காயெண்ணெய் விட்டு ஊறவைத்து உரியுங்கள்.

சம்பாத்தியம் பங்குனி முதல் ஆடி, ஆவணி வரைதான். ஐப்பசி, கார்த்திகை மழையில் கொட்டகை இருட்டு. அதற்கு ஒரு கைத்தொழில் வேண்டும். ஒரே ராத்திரிக்கு இரண்டு ஊரில் அச்சாரம் வாங்கினால் தகராறு நாடக நடிகர் சங்கம்வரை போகும், ஆகவே தேதியை டைரியில் குறித்துவிட்டே வாக்குக் கொடுங்கள். நாட்டுப்புறக் கலைஞர்கள் நலவாரியத்திலும் பதிந்துவையுங்கள்.

அடுத்த முளைக்கொட்டுக்குள் வீரவாகு பாடத்தோடு அரிச்சந்திரன் பாடத்தையும் நோட்டில் எழுதி முடித்துவிடுங்கள்.